பேஸ்மென்ட்டில் வெள்ளம்: எங்கே அவசரம், எங்கே பொறுமை

சென்னையில் பேஸ்மென்ட் வைத்த தனி வீடுகள் குறைவு. இருக்கிற இடத்திலும் பாதி தரைக்குக் கீழே, பாதி மேலே என்று கட்டிய அரை பேஸ்மென்ட்தான் அதிகம். கார் நிறுத்த, பழைய சாமான் போட, சில வீடுகளில் ஆபீஸ் ரூம். 2015 டிசம்பரில் அடையாற்றங்கரையில் கோட்டூர்புரம், சைதாப்பேட்டை, ஜாபர்கான்பேட்டை பக்கமும், 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போது வேளச்சேரி, பள்ளிக்கரணை, மடிப்பாக்கம் பக்கமும் தண்ணீர் வந்தது. தெருவில் வடிந்த பிறகும் பேஸ்மென்ட்டில் தண்ணீர் நிற்கும். அங்கிருந்துதான் இந்த வேலை ஆரம்பம்.

இதில் எல்லோரும் அவசரப்படுவது இரண்டு இடத்தில்: தண்ணீர் இறைப்பது, பெயிண்ட் அடிப்பது. இரண்டையும் நிதானமாகத்தான் செய்யணும். உண்மையில் அவசரம் நடுவில் இருக்கிற சேற்றுக்குத்தான். அதைத்தான் ‘ரெண்டு நாள் காயட்டும், அப்புறம் வழிக்கலாம்’ என்று விட்டுவிடுகிறார்கள்.

கீழே வரும் கணக்கெல்லாம் 20க்கு 15 அடி பேஸ்மென்ட், 4 அடி தண்ணீர், 9 அங்குல செங்கல் சுவர், 4 அங்குல கான்கிரீட் தரை என்று வைத்துப் போட்டது. உங்கள் அளவுக்கு மாற்றிக்கொள்ளுங்கள்.

இறங்குவதற்கு முன்

மெயின் ஸ்விட்ச் மேல் தளத்தில் காய்ந்த இடத்தில் இருந்தால் அணைத்துவிட்டு இறங்கலாம். ஆனால் பல வீடுகளில் ஈபி மீட்டர் போர்டே கார் நிறுத்துகிற இடத்துச் சுவரில்தான் இருக்கும். தண்ணீரில் நின்றுகொண்டு அதைத் தொடவே கூடாது. தெருவில் இருக்கிற பில்லர் பாக்ஸில் உங்கள் லைனின் ஃபியூஸ் கேரியரைப் பிடுங்க வேண்டும். அதை மின்வாரிய ஆள்தான் செய்யணும். ஏரியாவுக்கே கரண்ட் இல்லையே என்று இறங்காதீர்கள், எந்த நிமிஷமும் வரலாம். பக்கத்து வீட்டு ஜெனரேட்டரைத் தாறுமாறாக இணைத்திருந்தால் ஈபி லைன் வழியாகவே பின்னால் ஏறி வரும்.

மெயினை அணைத்த பிறகும் உயிரோடு இருப்பவை இரண்டு: இன்வெர்ட்டர், மாடி சோலார். இன்வெர்ட்டருக்குப் போகிற பேட்டரி வயரைக் கழற்றினால்தான் அது சாகும். இன்வெர்ட்டரே தண்ணீருக்குள் இருந்தால் எலெக்ட்ரீஷியன் வரும்வரை யாரும் இறங்க வேண்டாம். சோலார் பேனல் வெயில் பட்டுக்கொண்டிருக்கும்வரை வோல்டேஜ் கொடுத்துக்கொண்டேதான் இருக்கும். மாடியில் உள்ள டிசி ஐசொலேட்டரை அணைத்தால் அதற்குக் கீழே உள்ள கேபிள் மட்டும்தான் பாதுகாப்பு.

பெட்ரோல், டீசல், கேஸ் வாடை வந்தால் காற்றோட்டம் கொடுத்துவிட்டுக் காத்திருங்கள். எந்த ஸ்விட்சையும் போடவோ அணைக்கவோ கூடாது. 2023 டிசம்பரில் எண்ணூர் பக்கம் வெள்ளத்தோடு எண்ணெய்ப் படலமே வீடுகளுக்குள் வந்தது. அந்த மாதிரித் தண்ணீரை அப்படியே வடிகாலில் இறைத்துவிடக் கூடாது. மேலே மிதக்கிறதை மரத்தூள், பழைய துணி, கோணி போட்டு ஊற வைத்து முதலில் எடுக்க வேண்டும்.

முழங்கால் வரை கம்பூட், கையில் தடித்த ரப்பர் உறை, முன்னால் தட்டிப் பார்க்க ஒரு நீளக் கம்பு. கம்பு பாம்புக்கும் ஆகும், தண்ணீருக்கடியில் மூடி பெயர்ந்து கிடக்கிற சாக்கடைச் சேம்பருக்கும் ஆகும். தண்ணீர்ப் பாம்புக்கு விஷமில்லை. ஆனால் சேற்றுத் தண்ணீரில் அதையும் கண்ணாடி விரியனையும் நின்று பிரித்துப் பார்க்கிற நிதானம் யாருக்கும் வராது. பாம்பைக் கண்டால் வெளியே வந்து வனத்துறைக்குச் சொல்லிவிடுங்கள். காலில் புண், சேற்றுப்புண் இருப்பவர்கள் இறங்கவே வேண்டாம். எலிக்காய்ச்சல் அந்த வழியாகத்தான் ஏறும். வேலை பார்க்கிற எல்லோரும் டாக்டரிடம் கேட்டு அதற்கான தடுப்பு மாத்திரை டாக்சிசைக்ளின் தேவையா என்று முடிவு செய்துகொள்வது நல்லது. டெட்டனஸ் ஊசி எப்போது போட்டது என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள்.

எதையும் நகர்த்துவதற்கு முன் போட்டோ. சுவரில் தண்ணீர் நின்ற கோட்டுக்குப் பக்கத்தில் டேப் பிடித்து ஒன்று, ஒவ்வொரு சாமானின் சீரியல் நம்பர் தெரிகிற மாதிரி ஒன்று. வீட்டுக்கு பாரத் கிருஹ ரக்ஷா பாலிசி எடுத்திருந்தால் வெள்ளச் சேதம் அதில் அடக்கம். இன்சூரன்ஸ் சர்வேயர் வருவதற்கு முன் சாமானைத் தூக்கிப் போட்டுவிட்டால் பேச்சு வளரும். கார் மூழ்கியிருந்தால் சாவியே போட வேண்டாம். சிலிண்டருக்குள் தண்ணீர் இருக்கும்போது ஸ்டார்ட் செய்தால் கனெக்டிங் ராடு வளைந்துவிடும். டோ செய்துதான் எடுக்க வேண்டும்.

இறைப்பது: முதல் நாள் ஓர் அடி

4 அடி தண்ணீர் என்றால் 1,200 கன அடி, சுமார் 34,000 லிட்டர், அதாவது 34 டன். இந்த 34 டன்னும் தரையைக் கீழே அழுத்திக்கொண்டு, சுவரை உள்ளிருந்து வெளியே தள்ளிக்கொண்டு நிற்கிறது. வெளியே மண்ணுக்குள் நிலத்தடி நீர் அதே மட்டத்தில் இருக்கிறது. அது எதிர்ப்பக்கம் தள்ளுகிறது. இரண்டும் சமமாக இருப்பதால்தான் கட்டடம் சும்மா இருக்கிறது.

உள்ளே மட்டும் ஒரே மூச்சில் காலி செய்தால் என்ன ஆகும்? தரைக்குக் கீழிருந்து அந்த 34 டன் மேல் நோக்கித் தள்ளும். 4 அங்குலத் தரையின் எடை 7 டன்கூட இல்லை. தரை நடுவில் உப்பி வெடிக்கும், இல்லையென்றால் சுவரும் தரையும் சேரும் மூலையில் ஊற்று கிளம்பும். 20 அடி நீளச் சுவர் ஒன்றின்மேல் மட்டும் தண்ணீரின் தள்ளல் சுமார் நாலரை டன். ஊறிய மண்ணின் பாரம் தனி. 9 அங்குலச் செங்கல் சுவர் அதைத் தாங்கக் கட்டியதில்லை. நடுவயிற்றில் நீளவாக்கில் கிடையாக ஒரு விரிசல் விழுந்தால் இதுதான் காரணம். அப்படி ஒன்று தெரிந்தால் இறைப்பை நிறுத்திவிட்டு ஸ்ட்ரக்சுரல் என்ஜினீயரைக் கூப்பிடுங்கள்.

அதனால் முறை இப்படி. தெருவில் தண்ணீர் முழுக்க வடிந்த பிறகுதான் ஆரம்பிக்க வேண்டும். முதல் நாள் ஓர் அடி மட்டும் இறைத்து நிறுத்துங்கள். தண்ணீர் மட்டத்தில் சுவரில் இன்சுலேஷன் டேப் ஒட்டுங்கள். மறுநாள் காலையில் பாருங்கள். தண்ணீர் டேப்பைத் தாண்டி ஏறியிருந்தால் வெளியே நிலத்தடி நீர் இன்னும் இறங்கவில்லை. அன்றைக்கு இறைக்க வேண்டாம், கோட்டை மாற்றி ஒட்டிக் காத்திருங்கள். ஏறாமல் நின்றால் அடுத்த இரண்டு அடி. மறுபடி ஓர் இரவு. பிறகு மிச்சம்.

வீட்டிலோ பக்கத்திலோ திறந்த கிணறு இருந்தால் இதைவிடச் சுலபம். கிணற்றுத் தண்ணீர் தரைமட்டத்திலிருந்து எத்தனை அடி கீழே என்று கயிற்றில் கல் கட்டி அளந்து பாருங்கள். பேஸ்மென்ட் தரையைவிடக் கிணற்று மட்டம் மேலே இருக்கும்வரை உள்ளே கொஞ்சம் தண்ணீரை விட்டுவைப்பதுதான் நல்லது. பெசன்ட் நகர், திருவான்மியூர் மாதிரி கடற்கரை மணல் உள்ள இடங்களில் மழை நின்றதும் மட்டம் விறுவிறுவென்று இறங்கிவிடும். பள்ளிக்கரணை சதுப்பு நிலத்தை ஒட்டிய களிமண் பகுதிகளில் அது மார்கழி முழுக்கக்கூட இறங்காமல் படுத்தும். மணல் பக்கத்து உறவினர் ‘எங்க வீட்டுல ஒரே நாள்ல இறைச்சுட்டோமே’ என்று சொல்வதைக் கேட்டுக் களிமண் பக்கத்து வீட்டுக்காரர் இறைக்கக் கூடாது.

சம்ப்புக்கு (தரைக்கடித் தண்ணீர்த் தொட்டிக்கு) போட்டிருக்கிற வீட்டு மோனோபிளாக் மோட்டார் இந்த வேலைக்கு ஆகாது. சேறும் பிளாஸ்டிக் பையும் இம்பெல்லரில் சுற்றிக்கொள்ளும். வாடகைக்கு எடுப்பதென்றால் மட் பம்ப் என்று கேளுங்கள், இல்லையென்றால் கழிவுநீர் சப்மெர்சிபிள். 1 எச்பி மட் பம்ப் நிமிஷத்துக்கு 200 லிட்டர் தள்ளுகிறது என்று வைத்துக்கொண்டால் ஓர் அடித் தண்ணீர், அதாவது 8,500 லிட்டர், முக்கால் மணி நேர வேலை. பம்ப்பைக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டுக் கீழே ஒரு பிளாஸ்டிக் கூடைக்குள் உட்கார வையுங்கள். கூடை குப்பையைத் தடுக்கும். வயரைப் பிடித்துத் தூக்கக் கூடாது. அதற்கான கரண்ட்டை மேல் தளத்து பிளக்கிலிருந்து 30 மில்லி ஆம்பியர் ஆர்சிசிபி (கரண்ட் கசிந்தால் உடனே விழுகிற ஸ்விட்ச்) வழியாகத்தான் எடுக்க வேண்டும். பம்ப் ஓடும்போது யாரும் தண்ணீரில் நிற்கக் கூடாது.

கரண்ட் இல்லாமல் பெட்ரோல் அல்லது டீசல் என்ஜின் பம்ப் வைத்தால் என்ஜின் கண்டிப்பாக வெளியே, வாசலிலிருந்து தள்ளி, காற்றுப் போகிற இடத்தில் இருக்கணும். சக்‌ஷன் ஹோஸ் மட்டும் உள்ளே போகலாம். பேஸ்மென்ட் படியில் என்ஜினை வைத்து ஓட்டினால் கார்பன் மோனாக்சைடு உள்ளே தேங்கும். அதற்கு நிறமும் இல்லை, வாடையும் இல்லை.

இறைத்த தண்ணீர் போக வேண்டிய இடம் மழைநீர் வடிகால். பாதாளச் சாக்கடை மேன்ஹோலைத் திறந்து அதில் விடுவது சட்டப்படி தப்பு. அதைவிட, ஏற்கெனவே நிரம்பிய லைனில் விட்டால் அது உங்கள் வீட்டுக் கழிவறை வழியாகவே திரும்பி மேலே வரும்.

சேறு: காய்வதற்குள்

கடைசி 3 அங்குலத் தண்ணீர் இருக்கும்போது பம்ப்பை வெளியே எடுத்துவிடாதீர்கள். இரண்டு பேர் நீளக் கைப்பிடி பிரஷ்ஷாலும் வைப்பராலும் அடியில் படிந்ததைக் கலக்கிக் கலக்கிப் பம்ப் பக்கம் தள்ளட்டும். பம்ப்பின் கரண்ட்டை எடுத்துவிட்டுக் கலக்குங்கள், ஆள் ஏறிய பிறகு பம்ப்பைப் போடுங்கள், மறுபடி நிறுத்திக் கலக்குங்கள். அலுப்பான வேலைதான். ஆனால் சேற்றில் நல்ல பங்கு தண்ணீரோடு தண்ணீராகப் போய்விடும். இல்லையென்றால் அதைப் பாண்டில் அள்ளிப் படியேற்ற வேண்டும். 300 சதுர அடியில் 2 அங்குலச் சேறு என்றால் 50 கன அடி, இரண்டு டன்னுக்கு மேல். சிமெண்ட் சாக்கில் மூட்டைக்கு 25 கிலோ போட்டால் 90 மூட்டை. அதற்குமேல் போட்டால் படியில் தூக்குகிறவர் இடுப்பு போகும்.

மிச்சத்தை மம்பட்டியால் அள்ளுகிற பதம் ஒன்று உண்டு. விரலால் சேற்றில் கீறுங்கள். கோடு உடனே மூடிக்கொண்டால் இன்னும் தண்ணீர் அதிகம், வைப்பரால் தள்ளலாம். கோடு ஓரம் மடியாமல் அப்படியே நின்றால் மம்பட்டிக்குச் சரியான நேரம். கோட்டின் விளிம்பில் பொடி உதிர்ந்தால் நேரம் தப்பிவிட்டது. சென்னைக் களிமண் காய்ந்தால் டைல்ஸ் இடுக்கிலும் பூச்சுத் துளையிலும் ஒட்டி இறுகிவிடும். அதை உளியால்தான் எடுக்க வேண்டும், கூடவே பூச்சும் வரும். காய்ந்த சேற்றைப் பெருக்கினால் கிளம்புகிற தூசி மூச்சில் போகும். அந்தச் சேறு வெறும் மண் இல்லை. மேன்ஹோல் பொங்கித் தெருவில் ஓடிய தண்ணீரில் வந்தது, அதில் சாக்கடை கலந்திருக்கும் என்று வைத்துக்கொண்டுதான் வேலை செய்ய வேண்டும்.

மூட்டைகளை வடிகால் மூடிமேல் அடுக்காதீர்கள். மாநகராட்சியின் 1913க்குச் சொன்னால் எடுக்க ஏற்பாடு செய்வார்கள். வீட்டில் செப்டிக் டேங்க் இருந்து அதிலும் சேறு புகுந்திருந்தால் லாரி வைத்து உறிஞ்சி எடுக்க வேண்டும். ஆள் இறக்கக் கூடாது. 2013ஆம் வருஷச் சட்டப்படி குற்றம், அதற்கு முன்னாலேயே அது உயிர் போகிற வேலை.

சேறு போனதும் கழுவல். மேலிருந்து கீழே: முதலில் சுவர், பிறகு தரை. சாதாரண ஹோஸ் போதும். கார் கழுவுகிற பிரஷர் ஜெட் வேண்டாம். அது சாக்கடைக் கிருமியைத் துளித்துளியாகக் காற்றில் கிளப்பும், ஊறிப்போன பூச்சுக்குள் இன்னும் தண்ணீரை ஏற்றும். சோப்புத்தூள் கரைசலால் தேய்த்து, அலசுகிற தண்ணீர் தெளிவாக ஓடும்வரை அலசுங்கள்.

ப்ளீச்சிங் அதற்குப் பிறகுதான். சேற்றின்மேலே பவுடரை அள்ளித் தூவுகிறார்களே, அது மன ஆறுதலுக்கு மட்டுமே. சேற்றில் உள்ள அழுக்கே குளோரினைத் தின்றுவிடும், கிருமிக்கு மிச்சம் இருக்காது. கழுவிய தரைக்கு 10 லிட்டர் வாளிக்கு 150 கிராம் பவுடர். புது பவுடரில் மூன்றில் ஒரு பங்கு குளோரின் என்றால் இது அரை சதவீதக் கரைசல். கலக்கிக் கால் மணி தெளிய வைத்து மேல் தண்ணீரை மட்டும் எடுங்கள். அடியில் நிற்கிற சுண்ணாம்பு வண்டல் ஸ்பிரேயரை அடைக்கும். தரையும் 6 அடி உயரச் சுவரும் நனைய நாலு வாளி ஆகும், அதாவது 600 கிராம். அரை மணி ஊறட்டும், பிறகு அலசலாம். பாக்கெட்டைத் திறந்தால் மூக்கில் ஏறவில்லை என்றால் அந்தப் பவுடர் செத்தது, வேறு வாங்குங்கள். டைல்ஸ் கழுவுகிற ஆசிட்டோடு மட்டும் சேர்ந்துவிடக் கூடாது. குளோரின் வாயு கிளம்பும், பேஸ்மென்ட்டில் ஓடி வெளியேறவும் வழி குறைவு. இரும்பு பீரோ, கதவுக் கீல் இவற்றில் பட்டால் உடனே அலசுங்கள், துருப்பிடிக்கும்.

சாமான்களில் அதிகம் யோசிக்க ஒன்றுமில்லை. மெத்தை, தலையணை, பார்ட்டிகிள் போர்டு அலமாரி எல்லாம் போனதுதான். கமர்ஷியல் பிளைவுட் பாளம் பாளமாகப் பிரியும், மரைன் பிளை பெரும்பாலும் தப்பும். மரக்கதவைக் கழற்றி நிழலில் சட்டம் கொடுத்துப் படுக்க வையுங்கள், வெயிலில் சாத்தினால் முறுக்கிக்கொள்ளும். மூழ்கிய கேஸ் ரெகுலேட்டரும் ட்யூபும் மாற்ற வேண்டியவை. நனைந்த பத்திரங்களைப் பக்கம் பக்கமாகப் பிரிக்க முயலாதீர்கள். ஜிப் கவரில் போட்டு ஃப்ரீசரில் வைத்துவிட்டால் பூஞ்சை பிடிக்காது, ஆற அமரக் காய வைக்கலாம். கிழிந்தே போனாலும் பதிவான பத்திரத்துக்குச் சார்பதிவாளர் அலுவலகத்தில் சான்றிட்ட நகல் கிடைக்கும்.

சம்ப்

பேஸ்மென்ட் மூழ்கியது என்றால் சம்ப்பும் மூழ்கியது. அதன் தண்ணீர் தெளிவாகத் தெரிந்தாலும் அது சாக்கடைதான். இங்கேயும் அதே தள்ளல் கணக்கு உண்டு. 8க்கு 6க்கு 5 அடி சம்ப்பில் 6,800 லிட்டர் பிடிக்கும். நிலத்தடி நீர் மேலே இருக்கும்போது முழுக்கக் காலி செய்தால் சம்ப் மிதக்கப் பார்க்கும், அடியில் விரிசல் விடும். தரைக்குள் புதைத்த பிளாஸ்டிக் டேங்க் என்றால் அப்படியே மேலே கிளம்பி பைப்பை முறித்துவிடும். ஆகவே கிணற்று மட்டம் இறங்கிய பிறகுதான் சம்ப்பைக் காலி செய்யணும். அதுவரை லாரித் தண்ணீரை மாடியில் தனி டேங்கில் வாங்கிக்கொள்ளுங்கள்.

இறங்கித் தேய்ப்பதற்கு முன் மூடியை நெடுநேரம் திறந்து வைத்து, டேபிள் ஃபேனால் காற்றை உள்ளே தள்ள வேண்டும். தனி ஆள் இறங்கவே கூடாது. இடுப்பில் கயிறு, மேலே இரண்டு பேர். உள்ளே ஆள் மயங்கினால் மேலே உள்ளவர் குதிக்கக் கூடாது, கயிற்றை இழுக்க வேண்டும். சம்ப்பில் இரண்டாவதாகச் சாகிறவர் பெரும்பாலும் காப்பாற்ற இறங்கியவர்தான்.

தேய்த்துக் கழுவி இறைத்த பிறகு, சுவரில் எங்காவது ஈரம் கசிந்து இறங்குகிறதா என்று டார்ச் அடித்துப் பாருங்கள். கறுப்பாகக் கசிந்தால் பக்கத்தில் போகிற சாக்கடை லைன் ஒழுகுகிறது. அதை அடைக்காமல் எத்தனை முறை கழுவினாலும் பயனில்லை. சரியாக இருந்தால் நிரப்பி, 1,000 லிட்டருக்கு 150 கிராம் கணக்கில் ப்ளீச்சிங் பவுடரைத் தனி வாளியில் கரைத்துத் தெளிவை ஊற்றுங்கள். மேற்படி சம்ப்புக்கு ஒரு கிலோ. மோட்டார் போட்டு மேல் டேங்க்குக்கு ஏற்றி, ஒவ்வொரு குழாயிலும் குளோரின் வாடை வரும்வரை திறந்து மூடி, ஒரு நாள் அப்படியே வையுங்கள். பிறகு எல்லாவற்றையும் வடித்துப் புதுத் தண்ணீர். ஆர்ஓ மிஷினுக்குப் போகிற லைனை மட்டும் முன்னாலேயே அடைத்துவிடுங்கள். குளோரின் அதன் மெம்ப்ரேனைக் கெடுத்துவிடும்.

மோட்டாரும் வயரிங்கும்

மூழ்கிய எம்சிபி, ஆர்சிசிபி, ஸ்விட்ச், பிளக், இன்வெர்ட்டர் எல்லாம் குப்பை. ‘சார், ஹேர் டிரையர் போட்டுக் காய வெச்சுட்டேன், நல்லா வேலை செய்யுது’ என்று எலெக்ட்ரீஷியன் சொல்வார். வேலை செய்யும்தான். எம்சிபியின் உள் ஸ்பிரிங்கிலும் காண்டாக்ட்டிலும் களிமண் படலம் உட்கார்ந்திருக்கும். ஷார்ட் ஆகிற அன்றைக்கு அது விழாது. ஆர்சிசிபிக்கும் இதே கதை, டெஸ்ட் பட்டனை அழுத்தினால் விழுகிறது என்பது உத்தரவாதம் ஆகாது.

கண்ட்யூட் பைப்புக்குள் தண்ணீரும் சேறும் நிற்கும். பழைய வயரை இழுத்து வெளியே எடுத்து, பைப்பைக் கழுவிக் காற்றடித்துப் புது வயர் இழுப்பதே சரி. மாற்ற முடியாத பகுதி என்றால் 500 வோல்ட் மெக்கரில் (இன்சுலேஷன் சோதிக்கிற மீட்டர்) ஃபேஸ், நியூட்ரல், எர்த் மூன்றுக்கும் இடையே பாருங்கள். 1 மெகா ஓம்முக்குக் கீழே காட்டினால் அந்த சர்க்யூட்டுக்குக் கரண்ட் கிடையாது. புது வயரிங்கில் பேஸ்மென்ட் பிளக்குகளை வெள்ளக் கோட்டுக்கு மேலே ஏற்றி, வயரைக் கூரையிலிருந்து கீழே இறக்குங்கள், தரையிலிருந்து மேலே ஏற்றாதீர்கள்.

மோனோபிளாக் மோட்டாரைத் தூக்கிப் போட வேண்டியதில்லை. நல்ல தண்ணீரில் கழுவி ரீவைண்டிங் கடையில் கொடுத்தால் ஓவனில் வைத்துக் காய வைத்து வார்னிஷ் போட்டுத் தருவார்கள். பேரிங், கெப்பாசிட்டர் இரண்டும் புதுசாகப் போடச் சொல்லுங்கள். பேரிங்கில் போன மண் கொஞ்ச நாளில் சத்தம் போட்டு ஷாஃப்டையும் தின்னும். ஆழ்துளைக் கிணற்று சப்மெர்சிபிள் தண்ணீருக்குள்ளேயே இருப்பதுதானே, அதற்கு ஒன்றும் ஆகாது. அதன் ஸ்டார்ட்டர் பாக்ஸ்தான் மாற்றணும்.

சுவர் காய்வது

செங்கல் சுவர் ஓர் அங்குலம் காய ஒரு மாதம் என்பது கொத்துவேலைக்காரர்களின் தோராயக் கணக்கு. 9 அங்குலச் சுவர், வெளிப்பக்கம் முழுக்க மண், உள்பக்கம் மட்டும்தான் மூச்சுவிட வழி. கார்த்திகையில் நனைந்த சுவர் தைக்குள் காயாது. ஆனால் நம் வீட்டில் பொங்கல் வருகிறது. வெள்ளை அடிக்காமல் பொங்கலா என்று பட்டி பார்த்து, பிரைமர் அடித்து, எமல்ஷனும் அடித்துவிடுவார்கள். பெயிண்ட் படலம் ஈரத்தை உள்ளே பூட்டிவிடும். மாசியில் கொப்புளம் வரும், பங்குனியில் பட்டியோடு உரியும், உள்ளே கறுப்புப் பூஞ்சை.

பொங்கலுக்கு அடித்தே ஆகணும் என்றால் சுண்ணாம்பு அடியுங்கள். நீற்றிய சுண்ணாம்பை மெல்லிசாகக் கரைத்து வடிகட்டி இரண்டு கோட். அது சுவரை மூச்சுவிட விடும், காரத்தன்மையால் பூஞ்சையையும் அடக்கும். கையில் ஒட்டாமல் இருக்கட்டும் என்று ஃபெவிகால் கலப்பார்கள், வேண்டாம். அது கலந்தால் பெயிண்ட் அடித்ததற்கும் இதற்கும் வித்தியாசமில்லை. அடிக்கும்போது கண்ணுக்குக் கண்ணாடி போடுங்கள், சுண்ணாம்பு கண்ணைப் பொசுக்கிவிடும்.

காய வைப்பதற்கு வழி காற்றை மாற்றுவதுதான். மழை பெய்யும் நேரத்திலும் இரவிலும் வெளிக்காற்றே ஈரம், ஜன்னலைத் திறந்து புண்ணியமில்லை. வெயில் அடிக்கிற நாளில் 11 மணியிலிருந்து 4 மணிவரை திறந்து, வாசல்பக்கம் ஒரு பெடஸ்டல் ஃபேனை வெளியே பார்த்து வையுங்கள். இன்னொன்று எதிர் மூலையில் சுவரை உரசிக் காற்று போகிற மாதிரி. மூடியிருக்கிற நேரத்தில் டிஹியூமிடிஃபையர் ஓடினால் நல்லது. அலமாரி, பெட்டி எதையும் சுவரோடு ஒட்டி வைக்காதீர்கள்.

பூச்சைச் சாவிக்கொத்தாலோ சுத்தியல் கைப்பிடியாலோ தட்டிப் பாருங்கள். திடமான சத்தம் வந்தால் இருக்கட்டும், பொள்ளையாகக் கேட்டால் பிடிப்பு விட்டது. வெள்ளக் கோட்டுக்குமேல் ஒன்றரை, இரண்டு அடிவரை தட்டிப் பார்க்க வேண்டும், ஈரம் செங்கல் வழியாக அவ்வளவு ஏறியிருக்கும். பொள்ளைப் பூச்சைக் கொத்தி எடுத்தால் செங்கல் நேராகக் காயும், வேலை பாதியாகும். ஜிப்சம் பூச்சு, பிஓபி, பட்டி இருந்தால் சத்தத்தைப் பார்க்க வேண்டியதில்லை, எல்லாவற்றையும் எடுத்துவிடுங்கள்.

காயும்போது வெள்ளையாக உப்புப் பூக்கும். இதைப் பார்த்துப் பயந்து தண்ணீர் ஊற்றிக் கழுவுவார்கள். கழுவினால் உப்பு கரைந்து திரும்பச் சுவருக்குள் போய், மறுபடி பூக்கும். காய்ந்த பிரஷ்ஷால் தேய்த்து, கீழே பேப்பர் விரித்து வாரி வெளியே கொட்டுங்கள். உப்புப் பூப்பது குறைந்துகொண்டே வந்தால் சுவர் காய்கிறது.

காய்ந்துவிட்டதா என்று தெரிந்துகொள்ள மீட்டர் வாங்க வேண்டியதில்லை. 2 அடிக்கு 2 அடி கனமான பாலித்தீன் ஷீட்டை நாலு பக்கமும் டேப்பால் காற்றுப் புகாமல் சுவரில் ஒட்டி ஒரு நாள் விட்டுப் பாருங்கள். ஷீட்டின் உள்பக்கம் வேர்த்திருந்தால் சுவரில் ஈரம் பாக்கி இருக்கிறது. வெளிப்பக்கம் வேர்த்தால் அது அறைக்காற்றின் ஈரம், சுவரைக் குறை சொல்ல வேண்டாம். தரைக்கும் இதே சோதனை. ஒரு இடத்தில் பார்த்தால் போதாது, சுவர் தரையோடு சேரும் மூலைகளில்தான் கடைசியில் காயும்.

பூச்சு வேலைக்குச் சித்திரை, வைகாசிதான் காலம். 1:4 சிமெண்ட் மணல், 50 கிலோ மூட்டைக்கு 200 மில்லி வாட்டர்புரூஃபிங் திரவம் (டப்பாவில் எழுதியிருக்கிற அளவே கடைசி), கத்திரி வெயிலில் தினம் இரண்டு மூன்று வேளை நனைப்பு. பெயிண்ட் அதன் பிறகு ஆனி, ஆடியில்.

உள்பக்கம் மட்டும் கோட்டிங் அடித்து ஓதத்தை நிறுத்தித் தருகிறேன் என்று யாராவது வந்தால் சுவர் எதனால் கட்டியது என்று கேட்டுவிட்டுப் பேசுங்கள். கிரிஸ்டலைன் கோட்டிங் கான்கிரீட்டில் வேலை செய்யும், அதன் துளைக்குள் படிகம் வளர்ந்து அடைக்கும். செங்கலில் அந்த வித்தை நடக்காது. வெளியே இருந்து தண்ணீர் தள்ளினால் உள்ளே அடித்த படலம் தனியாகப் பிரிந்து வரும். செங்கல் சுவருக்கு நிலையான வைத்தியம் வெளிப்பக்கம் தோண்டித் தண்ணீர் புகாத மெம்ப்ரேன் ஒட்டுவதுதான். அதற்கு இடமும் பணமும் இல்லாத வீட்டில், தண்ணீர் வரும், வந்தால் வெளியேற்றுவோம் என்று ஒப்புக்கொண்டு வேலை செய்வது புத்திசாலித்தனம்.

ஐப்பசிக்கு முன்

வருகிற தண்ணீரை வெளியேற்ற ஒரு குழி போதும். தரையின் தாழ்ந்த மூலையில் 2 அடிக்கு 2 அடி, 2 அடி ஆழம், மேலே கம்பி மூடி, உள்ளே ஃப்ளோட் ஸ்விட்ச் (தண்ணீர் ஏறினால் தானே போடுகிறது) வைத்த அரை எச்பி பம்ப், டெலிவரியில் ஒரு நான்-ரிட்டர்ன் வால்வு (தண்ணீரைத் திரும்பி வர விடாது). இதை இன்வெர்ட்டரில் கொடுக்க வேண்டும், மழை வந்தால் முதலில் போவது கரண்ட்தான். ஆனால் வீட்டு ஃபேன், லைட்டுக்குப் போட்ட 850 விஏ இன்வெர்ட்டர் அரை எச்பி மோட்டாரைக் கிளப்பாது, ஸ்டார்ட்டிங்கில் அது ஐந்தாறு மடங்கு கரண்ட் இழுக்கும். 2 கேவிஏவாவது வேண்டும். அதுவும் மேல் தளத்தில் இருக்கட்டும்.

பேஸ்மென்ட் கழிவறையும் தரை ஜாலியும்தான் சாக்கடை பின்னேறி வருகிற வாசல். வீட்டுக் கடைசி சேம்பரில் நான்-ரிட்டர்ன் வால்வு போடுங்கள். அதன் மடலில் முடி, துணி சிக்கித் திறந்தபடியே நின்றுவிடும், புரட்டாசியில் ஒருமுறை திறந்து துடைக்க வேண்டும். மழைநீர் சேகரிப்புக் குழியை பேஸ்மென்ட் சுவருக்கு ஒட்டித் தோண்டியிருந்தால் அதுவே சுவருக்குத் தண்ணீர் ஊட்டிக்கொண்டிருக்கும். குறைந்தது 10 அடி தள்ளி வேறு குழி எடுத்துக் கூரைப் பைப்பை அங்கே திருப்புங்கள். சம்ப் மூடியின் கழுத்தைச் செங்கல் கட்டி, உள்ளும் புறமும் பூசி, இந்த வருஷ வெள்ளக் கோட்டுக்கு ஓர் அடி மேலே ஏற்றிவிடுங்கள். மூடிக்கு ரப்பர் கேஸ்கட் போட மறந்தால் கழுத்து ஏற்றியதில் அர்த்தமில்லை.